என்னைக் கொன்றவளின் பெயர்

செல்வமலரை எனக்குப் பிடிக்காது. இதை முதலிலேயே சொல்லிவைத்தால், பிறகு அவளைப் பற்றி நான் நல்லதாக ஏதாவது எழுதும்போது, சிநேகிதி பூசி மெழுகுகிறாள் என்று யாரும் நினைக்கமாட்டார்கள். அவளுக்கும் என்னைப் பிடிக்காது. ஏழெட்டு வருடம் ஒரே தொலைக்காட்சித் தொடரில் வேலை செய்தோம். அவள் எழுதினாள், நான் நடித்தேன். அவ்வளவு காலத்தில் ஒருத்தி வீட்டில் மற்றவள் ஒரு வாய் தேத்தண்ணீர் குடித்தது கிடையாது.

ஆனாலும் அவள் கதையை நான்தான் எழுதவேண்டும். வேறு யாராவது எழுதினால் அவளைத் தெய்வமாக்குவார்கள், இல்லாவிட்டால் நாசமாக்குவார்கள்.

ஒஸ்லோவில் 'வடதிசை' என்று ஒரு தமிழ்த் தொலைக்காட்சி இருக்கிறது. இணையத்தில் ஓடுவதால் ரொறன்ரோவிலும் பார்ப்பார்கள், இலண்டனிலும் பார்ப்பார்கள். அதன் முதலாளி, இயக்குநர், செய்தி வாசிப்பாளர் எல்லாம் குலசேகரம் என்ற ஒரே மனிதர். நிலையம் என்று அவர் பெருமையாகச் சொல்லுவது ட்வெய்ட்டாவில் ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தின் நிலவறை. வெப்பமூட்டி ஒழுங்காக வேலை செய்யாது. காஞ்சிபுரம் சேலைக்கு உள்ளே கம்பளிக் காற்சட்டை போட்டுக்கொண்டுதான் நாங்கள் சித்திரை வெயிலைப் பற்றிக் கதைப்போம்.

அந்தத் தொலைக்காட்சியில் சனம் விரும்பிப் பார்ப்பது செய்தியும் இல்லை, பாட்டும் இல்லை. மாலை ஏழு மணிக்குப் போகிற 'துயர் பகிர்வு'. மரண அறிவித்தல்கள். யார் போனது, எந்த ஊர், நமக்கு என்ன முறை, சாவுத் தீட்டான துடக்கு உண்டா இல்லையா என்று பார்க்காமல் எங்கள் வீடுகளில் இரவுச் சாப்பாடு இறங்காது. அதற்கு அடுத்ததாகத்தான் 'நாலாம் மாடி' என்ற எங்கள் தொடர். அதுவும் துயர் பகிர்வு முடிந்த கையோடு வந்ததால்தான் முதலில் பார்த்தார்கள்.

தொடங்கிய காலத்தில் அந்தத் தொடருக்கு எழுதுகிறவர் என்று ஒருவரும் இருக்கவில்லை. என் பெயர் இராசமணி, தொடரில் நான் மாமியார் தங்கலட்சுமி. மருமகளாக ஒரு பிள்ளை. குலசேகரம் கமராவுக்குப் பின்னால் நின்று, "கதையுங்கோ அக்கா, வாயிலை வாறதைக் கதையுங்கோ" என்பார். நான் கதைத்தேன். நன்றாகத்தான் கதைத்தேன் என்று இன்றைக்கும் சொல்லுவேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை நேயர்களோடு நேரடியாகக் கதைக்கும் நிகழ்ச்சி. நான் குலசேகரத்துக்குப் பக்கத்தில் பூப்போட்ட சேலையோடு இருக்கிறேன். ஓர் அழைப்பு வந்தது.

"வணக்கம். எல்லிங்ஸ்ருட்டிலை இருந்து செல்வமலர் கதைக்கிறன்."

"சொல்லுங்கோ தங்கச்சி. தொடர் எப்பிடிப் போகுது?"

"போகேல்லை. அதைச் சொல்லத்தான் எடுத்தனான். அந்த மாமியார் வாயைத் திறந்தால் மூடத் தெரியாமல் நிக்கிறா. உண்மையிலை பொல்லாத மாமியார் கத்தமாட்டா, அண்ணை. மெல்லமாத்தான் கதைப்பா. கேக்கிற ஆளுக்கு இரவு முழுக்க நித்திரை வராது."

எனக்கு உச்சந்தலையில் ஏறியது. உலகம் முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கும்போது ஒருத்தி என்னைக் கிழிக்கிறாள், நான் பல்லைக் காட்டிக்கொண்டு இருக்கவேண்டும். குலசேகரம் சமாளிக்கப் பார்த்தார். "அப்ப நீங்களே எழுதித் தாங்கோவன்" என்று சொல்லிவிட்டுப் பகிடி விட்டதுபோலச் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை. அடுத்த கிழமையே நிலவறைப் படியில் இறங்கி வந்தாள்.

பார்த்தால் எழுத்தாளர் என்று சொல்லமாட்டீர்கள். கட்டையான பெண், தடித்த குளிர்ச்சட்டை, தோளில் தொங்குகிற பையில் எப்போதும் ஒரு வெங்காயத் தாள் எட்டிப் பார்க்கும். ஊரில் சண்டிலிப்பாய்ப் பக்கம். இடப்பெயர்வில் படிப்புப் பாதியில் நின்றுபோனது. பிறகு பஸ் ஓட்டுகிற சிவானந்தனைக் கலியாணம் கட்டி ஒஸ்லோவுக்கு வந்தாள். கொஞ்சக் காலம் விடுதியில் அறை துப்புரவு, பிறகு ரொம்மனில் பள்ளிக்கூடம் விட்ட பிள்ளைகளைப் பார்க்கும் வேலை. ஒரே மகள், ஆரணி. இவ்வளவுதான் அவள் சரித்திரம். ஆனால் வாய் என்றால் அப்படி ஒரு வாய்.

அவள் எழுதுகிறாள் என்று சொல்லுகிறேன், ஆனால் தாளில் ஒரு வரி எழுதினதில்லை. நடிக்க வந்த பிள்ளைகளில் பாதிப்பேர் இங்கே பிறந்தவர்கள். தமிழ் கதைப்பார்கள், வாசிக்கச் சொன்னால் முழிப்பார்கள். அதனால் அவள் எல்லாவற்றையும் கைபேசியில் பேசி அனுப்புவாள். மாமியார், மருமகள், புருசன், பக்கத்து வீட்டுக்காரி எல்லாம் அவள் குரல்தான். மூச்சு எங்கே விடவேண்டும், எங்கே பேசாமல் பாத்திரத்தைக் கழுவவேண்டும் என்பது எல்லாம் அதற்குள் வந்துவிடும். அதைக் கேட்டுக் கேட்டுப் பாடமாக்குவோம்.

வீட்டில் சிவானந்தன் பகலில் நித்திரை. ஆகவே தன் கட்டடத்து 'வாஸ்கெல்லர்' என்கிற பொதுச் சலவை அறையில் தனக்குரிய நேரத்தில் கதவைச் சாத்திக்கொண்டு அவள் இதைச் செய்வாள். அவள் அனுப்பிய ஒவ்வொரு வசனத்துக்கும் பின்னால் சலவை இயந்திரம் உருளும் சத்தம் கேட்கும். ஒரு தடவை எம்மா என்ற பக்கத்து வீட்டு நோர்வேஜியப் பெண் கதவைத் தட்டியிருக்கிறாள். உள்ளே நாலு பேர் அடிபடுகிறார்கள், ஒருத்தி அழுகிறாள், பொலீசுக்கு அடிக்கட்டுமா என்று கேட்டாளாம். செல்வமலர் கதவைத் திறந்து, துவைத்த படுக்கை விரிப்பைக் கையில் வைத்துக்கொண்டு, "ஒருவரும் இல்லை, நான்தான், இப்ப எல்லாரும் சமாதானமாகிவிடுவார்கள்" என்றாளாம். அதற்குப் பிறகு எம்மா தன் சலவை நேரத்தை வேறு நாளுக்கு மாற்றிக்கொண்டாள்.

அவள் எழுத வந்த பிறகு தொடர் பிடித்துக்கொண்டது. இதை மறைத்தால் என் வாய் அழுகும். ட்வெய்ட்டா அங்காடியில் மீன் வாங்கிக்கொண்டு நின்ற என்னை முன்பின் தெரியாத ஒரு பெண் பிடித்து, "அந்தப் பிள்ளையைச் சாப்பிட விடாமல் பாத்துக்கொண்டிருந்தனீங்களே, நீங்களெல்லாம் ஒரு மனுசியோ?" என்று கேட்டாள். நான் அந்தக் காட்சியில் ஒரு சொல்லும் பேசவில்லை. மருமகளின் சாப்பாட்டுக் கோப்பையையே பார்த்துக்கொண்டிருந்து, கடைசியில் "ம்" என்று மட்டும் சொன்னேன். அந்த "ம்" செல்வமலருடையது. பெயர் எனக்கு வந்தது.

பெயர் என்றதும்தான் கதை தொடங்குகிறது.

தொடர் முடிய ஓடும் எழுத்துகளில் யார் யாருடைய பெயரோ ஓடும். தயாரிப்பு குலசேகரம், இயக்கம் குலசேகரம், சேலை தந்த கடை, கார் தந்த அயலவர், வடை தந்த வீட்டுக்காரர். கதை, வசனம் என்ற இடத்தில் 'வடதிசைக் குழு' என்று போகும். கொஞ்சம் பிரபலமானதும் அதுவும் மாறி, 'கதை, வசனம்: குலசேகரம்' என்று வந்தது. அந்த மனிதருக்கு வெட்கம் என்ற ஒன்றை வைத்துப் படைக்க மறந்துவிட்டார்கள்.

படத்தொகுப்புச் செய்கிற அபிஷாதான் முதலில் கேட்டாள். இங்கே பிறந்த பிள்ளை. பகலில் நோர்வேஜியர்களின் படக் கம்பெனி ஒன்றில் அதே வேலை.

"குலமங்கிள், 'ருல்லெதெக்ஸ்ட்'டிலை, அந்த ஓடுற எழுத்திலை, செல்வமலர் அன்ரியின்ரை பேர் வரேல்லை. நான் போடட்டோ?"

"அதை நான் பாத்துக்கொள்ளுறன் பிள்ளை."

அபிஷா விடாமல் எங்களுக்கு விளக்கம் சொன்னாள். அமெரிக்காவில் தொலைக்காட்சி புதிதாக வந்த காலத்திலும் இப்படிப் பெண்கள் கிழமைக்குக் கிழமை எழுதித் தள்ளினார்களாம், பெயர் போடுவதற்கு அவர்களும் மல்லுக்கட்டினார்களாம். படிப்பில் வந்ததாம். "அமெரிக்காக்காரி எப்பிடியும் போகட்டும், நீ எனக்கு முகத்திலை வெளிச்சத்தைக் கூட்டு" என்றேன் நான்.

செல்வமலர் நேரே கேட்டாள். எல்லாரும் நிற்கத்தான் கேட்டாள்.

"குலமண்ணை, எழுதுறது நான். என்ரை பேர் ஓடவேணும்."

"தங்கச்சி, உங்கடை நன்மைக்குத்தான் சொல்லுறன். ஒரு பொம்பிளையின்ரை பேரைப் போட்டால், உவ ஆரின்ரை வீட்டுக் கதையை எழுதுறா எண்டு சனம் ஆராயத் தொடங்கும்."

"இராசமணியக்காவின்ரை பேர் போகுதே?"

"அவ நடிக்கிறா. முகம் தெரியுது. மறைக்கேலாது."

மறைக்க முடிந்திருந்தால் என்னையும் மறைத்திருப்பார் என்று அன்றைக்குத்தான் எனக்கு விளங்கியது. வெளியே வந்து பஸ்ஸுக்கு நிற்கும்போது நான் செல்வமலரிடம் கேட்டேன். "பேர் ஓடி என்ன கிடைக்கப்போகுது உமக்கு? ஆர் கடைசிமட்டும் பாக்கினம்?"

"நீங்கள் முகத்தைக் காட்டுறீங்கள் அக்கா. நான் எதைக் காட்டுறது?"

"வாஸ்கெல்லரைக் காட்டும்" என்றேன். அவள் அடுத்த பஸ்ஸில் போனாள்.

பிறகு ஒருநாள் பெயர் போடாவிட்டால் இனிப் பேசி அனுப்பமாட்டேன் என்று நின்றுகொண்டாள். குலசேகரம் சிரித்தார். "நீங்கள் எழுதினதெண்டு ஒரு தாளைக் காட்டுங்கோ பாப்பம். போனிலை கதைச்சதெல்லாம் எழுத்தோ?" என்றார். அவள் போய்விட்டாள். அவரே எழுதினார். முதல் கிழமையே தங்கலட்சுமி திருந்திவிட்டாள். மருமகளைக் கட்டிப்பிடித்து அழுதேன். அடுத்த கிழமையும் அழுதேன். அதற்கடுத்த கிழமை மருமகளும் நானும் புருசனும் சேர்ந்து அழுதோம். நேயர் நேரத்தில் ஒரு மனுசன் எடுத்து, "மாமிக்கு ஏதும் வருத்தமோ?" என்று கேட்டான். நான் வெட்கத்தில் செத்தேன். உண்மையான சாவு பிறகுதான் வந்தது.

குலசேகரம் எல்லிங்ஸ்ருட்டுக்குப் போய், சிவானந்தன் முன்னால் வாக்குக் கொடுத்து அவளைக் கூட்டிவந்தார். நிலையத்தின் பத்தாவது ஆண்டு விழா வருகிறது, மேடையில் செல்வமலரின் பெயரைச் சொல்லிக் கௌரவிப்பேன், அன்றிலிருந்து பெயர் ஓடும் என்று. அவள் நம்பினாள். நான் நம்பவில்லை, ஆனால் என்னை யாரும் கேட்கவில்லை.

திரும்பி வந்தவள் செய்த முதல் வேலை என்னைக் கொன்றது. அந்தக் கிழமை அவள் அனுப்பிய குரல் பதிவில் வைத்தியர் வந்தார், மருமகள் கதிரையில் இருந்தாள், மகன் சுவரைப் பார்த்தான். எனக்கு ஒரேயொரு மூச்சு. அதையும் அவளே விட்டுக் காட்டியிருந்தாள். நான் உடனே எடுத்தேன்.

"என்னை ஏன் கொன்றனீர்?"

"தொடர் இருக்கோணுமெண்டால் நீங்கள் போகோணும் அக்கா. இனி ஆரோடை கோவிக்கிறதெண்டு தெரியாமல் அந்தப் பிள்ளை வீட்டுக்குள்ளை நிக்கோணும். அதுதான் கதை."

"சாகிற நேரத்திலையாவது ரெண்டு வசனம் தாருமன்."

"தந்தால் நீங்கள் அதை இருபது ஆக்குவீங்கள்."

அதில் உண்மை இருந்தது. அதனால்தான் அவ்வளவு கோபம் வந்தது. திட்டிவிட்டுப் போனை வைத்தேன். நிலவறையில் போய்ச் செத்தேன். நன்றாகத்தான் செத்தேன்.

அந்தக் காட்சி ஒளிபரப்பாவதற்கு முதல்நாள் குலசேகரத்துக்கு ஒரு யோசனை வந்தது. அந்த மனிதருக்கு யோசனை வந்தால் யாராவது ஒருவர் அழுதுதான் முடியும். சனம் விரும்பிப் பார்ப்பது துயர் பகிர்வு. அதற்குள்ளேயே தொடருக்கு விளம்பரம் போட்டால் என்ன? என் படத்தை எடுத்தார், மாலை போட்டார், பக்கத்தில் குத்துவிளக்கு, பின்னால் புல்லாங்குழல். ஊருக்கும் என் சொந்த ஊரையே போட்டார். 'ஏழாலையைப் பிறப்பிடமாகவும் நோர்வே ஒஸ்லோவை வதிவிடமாகவும் கொண்ட தங்கலட்சுமி அவர்கள் இன்று இறைவனடி சேர்ந்தார். இறுதிக்கிரியை விபரம் பின்னர் அறியத்தரப்படும்.' இவ்வளவும் ஓடி முடிந்து, இசையும் முடிந்த பிறகு அடியில் பொடி எழுத்தில் 'நாளைய நாலாம் மாடியில் காணத் தவறாதீர்கள்.' அதில் ஓர் எழுத்தும் செல்வமலருடையது இல்லை. அவளுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

பொடி எழுத்து வரும்வரை யார் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்? முகத்தைக் கண்டதும் படம் பிடித்து அனுப்பத் தொடங்கிவிட்டார்கள். நான் முதியோர் இல்லச் சமையலறையில் வேலையில் நின்றேன், கைபேசி அலுமாரியில். வேலை முடிந்து ரொம்மனில் என் வீட்டுக்கு வந்தால், வாசலில் வெள்ளைச் சேலைகளோடு பெண்கள். ஒருத்தி கையில் சோற்றுச் சட்டி. என்னைக் கண்டதும் குளறிக்கொண்டு சட்டியைப் போட்டாள். படி முழுக்கச் சோறு. அதையும் நான்தான் கூட்டி அள்ளினேன்.

அறிவித்தலில் தங்கலட்சுமி என்றுதானே இருந்தது, இராசமணி என்று இல்லையே என்று வெளியாட்கள் கேட்பார்கள். எங்கள் ஆட்கள் கேட்கமாட்டார்கள். நாங்கள் இந்த நாட்டுக்கு வந்த விதம் அப்படி. நான் ஒஸ்லோ விமானநிலையத்தில் இறங்கியது இன்னொருத்தியின் கடவுச்சீட்டில். பாதிப்பேருக்குக் காகிதத்தில் ஒரு பெயர், வீட்டில் ஒரு பெயர். செத்தால் எது வரும் என்று யாருக்குத் தெரியும்? முகமும் ஊரும் சரியாக இருந்தால் போதும்.

ரொறன்ரோவில் இருக்கிற என் அண்ணனுக்கும் அது போதுமாக இருந்தது. ஒரு காணிப் பிரச்சினையில் எங்களுக்குள் பேச்சுவார்த்தை நின்று வருடக்கணக்கு. ஆகவே எடுத்துக் கேட்க அவருக்கு வழியில்லை. நான் கலியாணம் கட்டாதவள், அதனால் அண்ணன் வீட்டுக்கு முழுத் துடக்கு. அன்றைக்கு அவர் வீட்டில் மகனின் தாலிக்குப் பொன்னுருக்கு. ஆசாரி வந்து, அடுப்பு மூட்டி, பொன்னைக் கையில் எடுக்கிற நேரத்தில் என் படம் போயிருக்கிறது. அடுப்பை அணைத்து, ஆசாரியைத் திருப்பி அனுப்பி, சாமியறையைப் பூட்டிவிட்டார்கள். கலியாணம் தள்ளிப்போனது. பெண் வீட்டார் அபசகுனம் என்று முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள்.

நான் அண்ணனுக்கு எடுத்தேன்.

"அண்ணை, நான் இராசமணி."

"எந்த இராசமணி? நான் முழுகிப்போட்டன்."

"நான் சாகேல்லை அண்ணை."

அந்தப் பக்கம் கதவு சாத்துகிற சத்தம் கேட்டது. பிறகு, "நீ இருந்தாலும் கரைச்சல், செத்தாலும் கரைச்சல்" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார். அவர் என் சாவுக்காகத் தலை முழுகியிருக்கிறார் என்பதைக் கேட்டபோது, வெட்கமில்லாமல் சொல்லுகிறேன், எனக்குச் சந்தோஷமாக இருந்தது. அந்தச் சந்தோஷம் தேத்தண்ணீர் ஆறுவதற்குள் போய், கோபம் வந்தது.

எனக்கு மட்டும் இல்லை. ரொறன்ரோவிலிருந்து அண்ணன் தொடங்கிவைக்க, இலண்டன், பாரிஸ், ஒஸ்லோ எல்லாம் கொதித்தது. அறிவித்தலில் விளையாடினால் இனி எதை நம்புவது? கோயில் நிர்வாகம் குலசேகரத்தைக் கூப்பிட்டுக் கேட்டது. துயர் பகிர்வுக்கு யாரும் அறிவித்தல் கொடுக்கமாட்டோம் என்று சொன்னார்கள். அவர் பயந்துபோனார். அடுத்த மாலை ஏழு மணிக்கு, அதே புல்லாங்குழலோடு, கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்து வந்தது.

'நாலாம் மாடி தொடரின் கதை, வசனம் அனைத்தையும் எழுதுபவர் செல்வமலர் சிவானந்தன் ஆவார். மரணக் காட்சியும் அதையொட்டிய அறிவித்தலும் அவரது கற்பனையே. நிலையம் இதற்குப் பொறுப்பல்ல. மனம் வருந்துகிறோம்.'

அப்படித்தான் அவள் பெயர் முதன்முதலாகத் திரையில் வந்தது. செத்தவர்களுக்கு நடுவில் வந்தது. ஒரு கிழமை முழுக்க, ஒவ்வொரு மாலையும் வந்தது.

சனம் அவளைப் பிய்த்துப் போட்டது. கோயிலில் அவள் பக்கத்தில் நின்றவர்கள் தள்ளி நின்றார்கள். "சாவை வைச்சுப் பிழைக்கிறவள்" என்று அவள் காதில் விழும்படி சொன்னார்கள். சிவானந்தனின் பஸ்ஸில் ஏறிய ஒரு மனுசன் அவரைத் திட்டிவிட்டு இறங்கினான். எனக்கு அவள் மேல் இரக்கம் வந்தது என்று சொன்னால் பொய். என்னைக் கொன்றவள்தானே, கொஞ்சம் படட்டும் என்றுதான் இருந்தேன்.

அவள் நிலவறைக்கு வந்த நாளில் நானும் அங்கே நின்றேன், என் படத்தைப் போட்டதற்குக் குலசேகரத்தோடு சண்டை பிடிக்க.

"குலமண்ணை, அந்த அறிவித்தல் நான் எழுதினதில்லை."

"ஆறப் போடுங்கோ தங்கச்சி. சனம் மறந்திடும்."

"என்ரை பேரைப் போட்டிருக்கிறீங்கள்."

"போடச் சொல்லித்தானே கேட்டனீங்கள்? போட்டிட்டன்."

சொல்லிவிட்டு அவர் சிரித்தார். நான் வாழ்க்கையில் பல பேரை வெறுத்திருக்கிறேன், ஆனால் அந்தச் சிரிப்பை வெறுத்ததுபோல ஒன்றையும் வெறுத்ததில்லை. செல்வமலர் அழவில்லை. பையைத் தோளில் மாட்டிக்கொண்டு படியேறினாள். அதற்குப் பிறகு ஒருவருக்கும் குரல் பதிவு வரவில்லை. தொடரில் பழைய பகுதிகளைத் திரும்பத் திரும்பப் போட்டார்கள்.

மாதங்கள் போய் ஆண்டு விழா வந்தது. ரொம்மனில் பெரிய மண்டபம், வாசலில் நிறைகுடம், இலண்டனிலிருந்து பிரதம விருந்தினர். எனக்கும் பூச்செண்டு தருவதாகச் சொல்லியிருந்தார்கள், போனேன். செல்வமலர் வருவாள் என்று நான் எதிர்பார்க்கவில்லை. வந்திருந்தாள். கடைசி வரிசையில் சிவானந்தன், ஆரணி, அவள். சுற்றிவரக் கதிரைகள் வெறுமையாகக் கிடந்தன. மேடையில் தன் பெயரைச் சொல்வதாகக் கொடுத்த வாக்கை அவள் மறக்கவில்லை. சொல்லாவிட்டால் சொல்லவில்லை என்பதையாவது கண்ணால் பார்க்க வந்திருக்கிறாள்.

அறிவிப்பாளர் சென்னையிலிருந்து புதிதாக வேலைக்கு வந்த ஒரு கணினிக்காரர். எங்கள் சண்டை சச்சரவு ஒன்றும் தெரியாது. கையில் கொடுத்ததைத் தேன் ஒழுகப் படித்தார்.

"இத்தனை வருஷமா நம்ம எல்லாரையும் அழ வச்ச 'நாலாம் மாடி' தொடரோட கதை, வசனம் எழுதினவர், நம்ம குலசேகரம் சார்! அவருக்குப் பொன்னாடை போத்தி கௌரவிக்கிறோம்!"

குலசேகரம் தலையைக் குனிந்துகொண்டு, வெட்கப்படுவதுபோல நடந்து வந்தார். இலண்டன்காரர் பொன்னாடையை விரித்தார். சபையில் கைதட்டல் வரவில்லை, முணுமுணுப்பு வந்தது. சனம் மறந்துவிடும் என்று அவர் நினைத்திருந்தார். எங்கள் சனம் நல்லதை மறக்கும். ஒருவர் செய்த பிழையைச் சாகும்வரை வைத்திருக்கும். யார் எழுதினது என்று ஒரு கிழமை முழுக்க மாலை ஏழு மணிக்கு அவரே சொல்லிக்கொடுத்திருந்தார்.

அறிவிப்பாளருக்கு விளங்கவில்லை. ஒலிவாங்கியிலேயே கேட்டுவிட்டார். "என்னாச்சுங்க? இவர் எழுதலையா? அப்போ எழுதினது யாருங்க?"

மண்டபம் அடங்கியது. எல்லாருக்கும் தெரியும். ஒருவரும் வாய் திறக்கவில்லை. அவள் பெயரைச் சொன்னால் அவளுக்கு நல்லது செய்ததாகிவிடுமே என்று பயம். குலசேகரம் அறிவிப்பாளரைப் பார்த்து, மேலே படி என்று கையைக் காட்டினார். அந்தச் சிரிப்பு மறுபடியும் அவர் முகத்தில் வந்தது.

நான் எழும்பினேன். முன்வரிசை. எல்லாருக்கும் என்னைத் தெரியும், சிலருக்கு நான் செத்துத்தான் தெரியும்.

"நான்தான் செத்த தங்கலட்சுமி" என்றேன். "என்னைக் கொன்றது உந்தாள் இல்லை. உந்தாளுக்கு ஒரு எலியைக் கொல்லவும் தெரியாது. என்னைக் கொன்றது கடைசி வரிசையிலை இருக்கிற செல்வமலர். என்ரை வாயிலை நல்லதாய் வந்ததெல்லாம் அவவின்ரை. கூடாததுதான் நான் போட்டது."

"அக்கா, இருங்கோ அக்கா" என்றார் குலசேகரம், ஒலிவாங்கி இல்லாமல்.

"ஏன் இருக்கிறது?" நடுவிலிருந்து ஒருவர் எழும்பினார். செல்வமலரைப் பார்த்தால் காறித் துப்புவேன் என்று கோயிலில் சொல்லித்திரிந்த மனுசன். "எழுதினது அவ எண்டு ரிவியிலை நீங்கள்தானே போட்டனீங்கள்?"

பின்னால் ஒரு பெண் குரல். "செத்தவீட்டு அறிவித்தல் அவவின்ரை, பொன்னாடை உங்கடையோ?"

"அது... எல்லாம் குழுவாகச் செய்தது..."

"அப்ப அறிவித்தலும் குழுவோ? அதைச் சொல்லும் முதலிலை!"

குலசேகரம் பொன்னாடையைப் பார்த்தார், சனத்தைப் பார்த்தார். எழுதினது நான்தான் என்றால் அறிவித்தலும் அவர் தலையில் விழும். அவள்தான் என்றால் பொன்னாடை போகும். இலண்டன்காரர் விரித்த பொன்னாடையோடு கை நோக நின்றார். பாவம் அறிவிப்பாளர், வியர்வையைத் துடைத்துக்கொண்டு, "செல்வமலர் மேடம், தயவுசெஞ்சு மேடைக்கு வாங்க" என்றார்.

அவள் போகவில்லை. எழும்பி நின்று, இருந்த இடத்திலிருந்தே சொன்னாள். கத்தவில்லை. மெல்லமாகத்தான் சொன்னாள், ஆனால் முன்வரிசைவரை கேட்டது.

"எனக்குப் பொன்னாடை வேண்டாம். பேரைப் போடுங்கோ."

சொல்லிவிட்டு இருந்துகொண்டாள். யாரும் அவளைப் பார்த்துக் கைதட்டவில்லை. நானும் தட்டவில்லை. என் பூச்செண்டும் அன்றைக்கு வரவில்லை.

அதற்குப் பிறகு நேயர் நேரத்தில் எடுத்தவர்கள் எல்லாரும், அவளைப் பிடித்தவர்களும் பிடிக்காதவர்களும், ஒன்றையே கேட்டார்கள். குலசேகரத்துக்கு வேறு வழி இருக்கவில்லை. புதிய தொடர் தொடங்கியது. முதல் பகுதி முடிந்ததும் 'கதை, வசனம்: செல்வமலர்' என்று தனியாக வந்தது. அபிஷா அதை ஓடவிடவில்லை, அப்படியே நிறுத்தி வைத்திருந்தாள். நான் கதிரை நுனியில் இருந்து பார்த்தேன். எனக்கு ஏன் கண் கலங்கியது என்று என்னைக் கேட்காதீர்கள்.

அதில் எனக்கும் ஒரு வேடம் தந்திருந்தாள். அந்தத் தொடருக்கான முதல் குரல் பதிவு வந்தபோது ஆசையோடு கேட்டேன். பழையபடி நாலைந்து குரல், ஆள் மாறி ஆள் கதைக்கிறார்கள். என் பங்கு வருகிற இடங்களில் எல்லாம் சலவை இயந்திரம் உருளும் சத்தம் மட்டும் கேட்டது. எனக்கு ஊமை வேடம்.

உடனே எடுத்தேன். "என்ன நினைச்சுக்கொண்டு எனக்கு ஊமை வேசம் தந்தனீர்?"

"நீங்கள் கதைக்கவேண்டியதை அண்டைக்கு மண்டபத்திலை கதைச்சிட்டீங்கள் அக்கா" என்றாள் செல்வமலர். "அதைவிட நல்ல வசனம் என்னாலை உங்களுக்கு எழுதேலாது."

நான் பதில் சொல்வதற்குள் போனை வைத்துவிட்டாள்.